ஏசின வாய்க்குச் சர்க்கரை

கல்யாண வீடுகளில் என்னை யாரும் ஏசுவதில்லை. கேட்பவர்களுக்கு இது நல்ல விஷயமாகத் தோன்றலாம். எனக்கு அது பல வருஷத்து வயிற்றெரிச்சல்.

எங்கள் பக்கத்து முஸ்லிம் கல்யாணங்களில் ஏசல் என்றொரு பாட்டு உண்டு. நிக்காஹ்வுக்கு முதல் நாள், பெண்ணுக்கு மருதாணி வைக்கிற பகல் வேளையில், பெண் வீட்டுப் பெண்கள் ஒரு பக்கமும் மாப்பிள்ளை வீட்டுப் பெண்கள் ஒரு பக்கமுமாகப் பாயில் உட்கார்ந்துகொள்வார்கள். ஆண்களுக்கு அங்கே வேலையில்லை. முதலில் அல்லாஹ்வையும் ரசூலையும் புகழ்ந்து ஒரு பாட்டு. அடுத்து மணப்பெண்ணை வாழ்த்தி ஒரு பாட்டு. அதுவரை எல்லோரும் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு பரம சாதுக்களாக இருப்பார்கள். மூன்றாவது பாட்டில் வேஷம் கலையும். மாப்பிள்ளையின் மூக்கு, அவன் அக்காவின் நடை, மாமியாரின் கைப்பக்குவம், மாமனாரின் கஞ்சத்தனம் என்று ஒவ்வொன்றாக இழுத்து வைத்து ராகம் போட்டு ஏசுவார்கள். கவிழ்த்துப் போட்ட பிளாஸ்டிக் குடம்தான் மேளம். ஏச்சு வாங்கியவர்கள் அதே ராகத்தில் திருப்பிக் கொடுக்க வேண்டும். கொடுத்து முடித்ததும், ஏசியவளின் வாயில் ஒரு கை சர்க்கரை போடுவார்கள். அதோடு கணக்குத் தீர்ந்தது.

பதில் பாடாவிட்டால் சர்க்கரை கிடையாது. பதில் வராத ஏசல் அந்த வீட்டில் வசவாகவே தங்கிவிடும் என்பது எங்கள் பெண்களின் நம்பிக்கை. அதனால் பாடவே வராதவள்கூட இரண்டு வரி உளறிவிட்டுச் சர்க்கரைக் கிண்ணத்தில் கை வைத்துவிடுவாள்.

இந்தப் பாட்டு மார்க்கத்தில் கூடுமா கூடாதா என்று இப்போது வாட்ஸப்பில் பெரிய பெரிய வாதங்கள் ஓடுகின்றன. ஓடட்டும். நான் மார்க்கம் படித்த ஆலிமா இல்லை, முகையூர்ப் பக்கத்தில் ஓர் அரசுப் பள்ளியில் கணக்கு டீச்சர். எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான். நாளைக்கு ஒரு பெண் முன்பின் தெரியாத வீட்டுக்குப் போகப் போகிறாள். அந்த வீட்டாரைப் பற்றி அவள் மனதில் இருக்கிற பயத்தையெல்லாம் அவர்கள் முகத்துக்கு நேரே யாராவது பாடிவிட்டால், அவர்களும் சிரித்துவிட்டால், பாதி பயம் அங்கேயே செத்துப்போகும். வேண்டியவர்களைத்தான் ஏசுவார்கள். தெருவில் போகிறவளை யாரும் ராகம் போட்டு ஏசுவதில்லை.

என்னை ஏசாமல் விட்டதற்குக் காரணம் என் கணவர். மகனுக்கு எல்கேஜியில் இடம் வாங்கிவிட்டு அவர் வளைகுடாவுக்குப் போனார். கொஞ்ச காலம் போன் வந்தது, பணம் வந்தது, ஒருமுறை ஆளும் வந்தார். பிறகு பணம் நின்றது. அதற்கப்புறம் போனும் நின்றது. ஆள் நன்றாகவே இருக்கிறார், அங்கேயே ஒரு குடும்பம் அமைந்துவிட்டது என்று அங்கிருந்து திரும்பிய ஊர்க்காரர்கள் சொன்னார்கள். சாவு என்கிற மவுத்தும் இல்லை, தலாக்கும் இல்லை. நான் நடுவில் தொங்கினேன்.

விழுப்புரத்தில் எங்கள் சொந்தக்காரர்கள் இதற்கு ஒரு நல்ல சொல் வைத்திருந்தார்கள். சபர். பயணம் என்று பொருள். அவர் எங்கே என்று யார் கேட்டாலும், "சபர்ல இருக்காரு" என்பார்கள். அதிலும் என் நாத்தனார், கணவருக்கு ஒரே தங்கை, கேள்வி முடிவதற்கு முன்பே பதில் சொல்லிவிடுவாள். "எங்க அண்ணன் சபர்ல இருக்காருங்க. லீவு கெடைக்கல." சொல்லிவிட்டு என் கையை ஒருமுறை அழுத்துவாள். அவள் கெட்டவள் இல்லை. நான் காய்ச்சலில் கிடந்தபோதெல்லாம் என் மகனுக்குச் சோறு ஊட்டியவள் அவள்தான். அண்ணனைப் பற்றி அந்த ஒரு வாக்கியத்தை விட்டால் அவளுக்குச் சொல்லிக்கொள்ள வேறு எதுவும் இல்லை.

கல்யாணத்துக்கு முன்னால் ஏசலில் எனக்கு நல்ல பேர் இருந்தது. வாய்க்காரி என்பார்கள். கணவர் போன பிறகு நான் போய் உட்கார்ந்த இடத்தில் பாட்டு ஒதுங்கி நடக்கத் தொடங்கியது. புருஷன்மார்களைக் கிண்டல் செய்யும் பாட்டு வரும்போது யாராவது என்னைப் பார்த்துவிட்டுக் கண்ணைக் காட்டுவார்கள். பாடுகிறவள் சட்டென்று பிரியாணிப் பாட்டுக்குத் தாவுவாள். எல்லாம் என் மேல் இருந்த அக்கறைதான். மவுத்து வீட்டில் பேசுகிற குரலில் என்னிடம் கல்யாண வீட்டிலும் பேசினார்கள். ஒரு கட்டத்தில் குடத்தைக் கவிழ்த்தாலே, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று செருப்பைத் தேட ஆரம்பித்தேன்.

போன வருஷம் என் மகனுக்குத் திண்டிவனத்தில் பெண் அமைந்தது. பெண்ணின் தாய் தகப்பனை வீட்டுக்கு அழைத்து, டீ கொடுத்து, விஷயத்தை மறைக்காமல் சொன்னேன். சம்பந்தியம்மா டம்ளரைக் கீழே வைத்தார். பிறகு, "புள்ளைய நீங்க வளத்திருக்கீங்க, அது தெரியுது. எங்களுக்கு அது போதும்ங்க" என்றார். பெண்ணுக்கும் சொல்லிவிட்டார்கள். அதற்கு மேல் யாருக்கும் சொல்லவில்லை. ஊரைக் கூட்டிச் சொல்கிற விஷயமா இது?

பத்திரிகை அடிக்கும்போது, தகப்பன் பெயர் வரும் இடத்தில் மகன் கேட்டான், "அத்தா பேர் போடணுமாம்மா?"

"போடு. நீ வானத்துல இருந்தா குதிச்ச?" என்றேன்.

போட்டோம். செத்தவர் பெயருக்கு முன்னால் எங்களில் மர்ஹூம் என்று போடுவார்கள். அவர் பெயருக்கு முன்னால் அது இல்லை. பத்திரிகையைப் பார்த்தவர்களுக்கு மாப்பிள்ளையின் அத்தா உயிரோடு இருக்கிறார் என்று தெரியும். விசாரித்தவர்களுக்கு என் நாத்தனார் புண்ணியத்தில் சபரில் இருக்கிறார் என்றும் தெரியும். அதில் பொய் எதுவும் இல்லை. ஆனால் அந்த இரண்டையும் சேர்த்துப் படித்தால் யாருக்கும் என்ன தோன்றும்? கைநிறையச் சம்பாதிக்கிற மனுஷர், கல்யாணத்துக்கு லீவு கிடைக்காமல் மாட்டிக்கொண்டார் என்றுதான் தோன்றும். பெண்ணின் பெரியம்மாவுக்கும் அப்படித்தான் தோன்றியிருக்கிறது.

அந்தப் பெரியம்மா, சம்பந்தியம்மாவின் அக்கா, கோட்டக்குப்பத்துக்காரர். அந்த ஊரில் வீட்டுக்கு ஓர் ஆள் கடல் தாண்டி இருப்பார். அதனால் வெளிநாட்டுப் புருஷன்களை ஏசுகிற பாட்டு அங்கே ஏராளம். கல்யாணத்துக்கு வர முடியாத ஆளை ஏசாமல் விட்டால், அவரை மறந்துவிட்டார்கள் என்று அர்த்தமாகிவிடும். ஏசினால்தான் மரியாதை.

மருதாணி வைக்கிற அன்று நாங்கள் விழுப்புரத்திலிருந்து வேன் வைத்துக்கொண்டு போனோம். விக்கிரவாண்டி டோல்கேட்டில் வண்டிகள் நகரவேயில்லை. நாத்தனார், "இன்னா பேஜாருடா இது, ஜல்தி போ" என்று டிரைவரைக் கடிந்துகொண்டே வந்தாள். மதிய லுஹர் தொழுகை முடிந்த நேரத்துக்குத் திண்டிவனம் சேர்ந்தோம். மாடியில் ஷாமியானா கட்டிப் பாய் விரித்திருந்தார்கள். தட்டுத் தட்டாக அவித்த மல்லாட்டை வந்தது, வேர்க்கடலைக்கு எங்கள் பக்கத்துப் பெயர். சுடச்சுட உரித்துத் தின்றோம். மணப்பெண் நடுவில் உட்கார்ந்து, மருதாணி வைத்த இரண்டு கைகளையும் யாருக்கோ துஆ கேட்பவள்போல ஏந்திப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

பெரியம்மா வந்தார். நல்ல பருமன், நல்ல சிரிப்பு. உட்கார்ந்ததும் குடத்தை மடியில் கவிழ்த்துக்கொண்டார். முதல் இரண்டு பாட்டுகளையும் மரியாதையாக முடித்தார். நான் வழக்கம்போலச் செருப்பு எந்தப் பக்கம் கிடக்கிறது என்று நினைத்துப் பார்த்தேன். மாப்பிள்ளையின் அம்மா எழுந்து போக முடியாது என்பது அப்போதுதான் உறைத்தது. சரி, என்னைத் தாண்டிக்கொண்டு போய்விடுவார்கள், பழகியதுதானே என்று இருந்துவிட்டேன்.

அவர் தாண்டவில்லை. முழங்காலை என் பக்கம் திருப்பி உட்கார்ந்து, என் கண்ணைப் பார்த்து ஆரம்பித்தார்.

"ஒட்டகம் மேய்க்கப் போனாரோ சம்பந்தி – இல்லே
ஒட்டகம் அவரை மேய்க்குதோ சம்பந்தி?
கப்பலு மேலே கப்பலு வருது – எங்க
கல்யாணத்துக்கு ஆளைக் காணோம் சம்பந்தி!"

அவர் பக்கத்துப் பெண்கள், "ஆளைக் காணோம் சம்பந்தி!" என்று கைதட்டி வாங்கிப் பாடினார்கள். எங்கள் பக்கத்தில் மல்லாட்டை உடைகிற சத்தம்கூட நின்றுபோனது. சம்பந்தியம்மா மாடிப்படிக்கு அருகில் டீத் தட்டோடு நின்றிருந்தார். அவர் முகம் வெளுத்துப்போனதை நான் பார்த்தேன். அக்காவிடம் கை அசைத்தார். அக்கா கவனிக்கவில்லை. அவருக்கு ராகம் ஏறிவிட்டிருந்தது.

"அரபி லீவு கொடுக்கலியோ சம்பந்தி – இல்லே
அவரே கேக்க மறந்தாரோ சம்பந்தி?"

நாத்தனார் எழுந்துவிட்டாள்.

"ஏந்துரிங்க எல்லாரும். எங்க அண்ணன அசிங்கப்படுத்தத்தான் கூப்ட்டாங்களா இங்க? போதும், போலாம் வாங்க மச்சி." மச்சி என்றால் இந்தக் காலத்துப் பையன்களுக்குக் கூட்டாளி. எங்கள் வீடுகளில் அண்ணன் மனைவி.

குடம் நின்றது. பெரியம்மா என்னையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தார். "இன்னா ஆச்சு? நான் தப்பா இன்னா பாடிட்டேன்? வெளிநாட்ல இருக்கறவங்கள நாங்க இப்டித்தானே பாடுவோம்" என்றார். தங்கை ஓடிவந்து அவர் காதில் ஏதோ சொன்னார். பெரியம்மாவின் கை தானாக வாயைப் பொத்திக்கொண்டது. அவர் கண் நிறைந்துவிட்டது.

எங்கள் ஆட்கள் ஒவ்வொருவராக எழுந்து முக்காட்டைச் சரிசெய்தார்கள். நான் எழுந்தால் வேன் கிளம்பிவிடும். கிளம்பின பிறகு கீழே ஆண்களுக்குச் செய்தி போகும். அப்புறம் யார் யாரைச் சமாதானம் செய்தாலும் கல்யாணம் கல்யாணமாக இருக்காது. நடக்காமலேகூடப் போகலாம். நாத்தனாரின் கோபத்தை நான் அறிவேன். அவளுக்கு அண்ணன் என்றால் உயிர். நான் மணப்பெண்ணைப் பார்த்தேன். அழுதுகொண்டிருந்தாள். கையில் ஈர மருதாணி இருந்ததால் கண்ணைத் துடைக்க வழியில்லை. கண்ணீர் தாடை வரை இறங்கியது. கைகளை மட்டும் அப்படியே ஏந்திக்கொண்டிருந்தாள்.

எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. வந்தது என்ன என்று சொன்னால் நம்புவீர்களோ என்னவோ, எனக்குச் சிரிப்பு வந்தது. அடிவயிற்றிலிருந்து வந்தது. அவரே கேட்க மறந்தாரோ! இத்தனை வருஷமாக நான் நினைத்து நினைத்துப் புழுங்கிய கேள்வி இதுதானே! லீவு கேட்டாயா மனுஷா, ஒரே ஒரு தடவையாவது கேட்டாயா? என் சொந்தக்காரர்களில் ஒருவருக்காவது இதைக் கேட்க வாய் வந்ததா? முன்பின் தெரியாத ஒரு பெண்மணி பிளாஸ்டிக் குடத்தைத் தட்டிக் கேட்டுவிட்டார். அதுவும் சம்பந்தி என்று கூப்பிட்டுக் கேட்டார். என் மேல் பரிதாபப்படாமல் ஒருவர் என்னைப் பார்த்து எவ்வளவு காலமாகிவிட்டது!

"ஒக்காரு" என்றேன் நாத்தனாரிடம். வகுப்பில் கடைசி பெஞ்சுக்குக் கேட்கிற குரலில். அவள் உட்கார்ந்துவிட்டாள். எங்கள் ஆட்கள் எல்லோருமே உட்கார்ந்துவிட்டார்கள். வாத்தியார் வேலையில் மிச்சம் இந்த ஒன்றுதான்.

"குடத்த இப்டி குடுங்க சம்பந்தி" என்றேன்.

பெரியம்மா தயங்கித் தயங்கி நீட்டினார். மடியில் கவிழ்த்துத் தட்டிப் பார்த்தேன். விரல் மறக்கவில்லை. தொண்டைதான் மறந்திருந்தது. முதல் வரி கரகரவென்று வந்தது.

"கேட்டா லீவு கெடைச்சிருக்கும் சம்பந்தி – அவர்
கேக்கவுமில்லை, கேக்கமாட்டார் சம்பந்தி
ஆளைத் தேடி அலுத்துப்போவாதீங்க – இங்கே
அம்மாவும் நான்தான், அத்தாவும் நான்தான் சம்பந்தி!"

யாரும் வாங்கிப் பாடவில்லை. எங்கள் பக்கத்தில் ஒருத்தி விசும்பினாள். இது சரிப்படாது என்று எனக்குத் தோன்றியது. இந்த இடத்தில் நிறுத்தினால் ஒப்பாரியாகிவிடும். ஏசலுக்குப் பதில் ஏசல்தான். அழுகை பதில் ஆகாது. குடத்தை இன்னும் வேகமாகத் தட்டிக்கொண்டு மணப்பெண்ணைப் பார்த்துப் பாடினேன்.

"மாமியார் ஏச்சு காலையிலே – உங்க மகளுக்கு
மாமனார் ஏச்சு சாயங்காலம்
ரெண்டு ஏச்சும் ஒரே வாயில் வரும் – ஐயோ
ரெண்டு காது பத்தாது சம்பந்தி
நாலு காது செஞ்சு அனுப்புங்க சம்பந்தி!"

முதலில் சிரித்தது மணப்பெண்தான். அழுத மூக்கோடு ஒரு குபீர்ச் சிரிப்பு. பிறகு பெரியம்மா. பிறகு மாடியே சிரித்தது. "நாலு காது செஞ்சு அனுப்புங்க சம்பந்தி" என்று இரண்டு பக்கமும் சேர்ந்து வாங்கிப் பாடினார்கள். இரண்டு பக்கமும் சேர்ந்து பாடியதை நான் அதற்கு முன் கேட்டதில்லை.

பெரியம்மா முழங்காலிலேயே நகர்ந்து என்னிடம் வந்தார். "தெரியாம பாடிட்டேன், மன்னிச்சிக்கோங்க" என்று ஆரம்பித்தார். முடிக்கவிடாமல் அவர் வாயில் ஒரு கை சர்க்கரையைப் போட்டேன். கொஞ்சம் அதிகமாகவே போட்டுவிட்டேன் போலிருக்கிறது, இருமினார். இருமிக்கொண்டே என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்.

நாத்தனார் மட்டும் சிரிக்கவில்லை. திரும்பி வரும்போது வேனில் ஜன்னலோரமாக உட்கார்ந்து மயிலம் கூட்டுரோடு தாண்டும் வரை வெளியே பார்த்துக்கொண்டே வந்தாள். பிறகு என் பக்கம் திரும்பாமலேயே கேட்டாள்.

"கேக்கமாட்டார்னு அவ்ளோ பேர் முன்னாடி பாடிட்டீங்களே மச்சி. நாளிக்கு வந்துட்டாருன்னா?"

"வந்தா சோறு போடு. உன் அண்ணன்தானே" என்றேன்.

அவள் அழுதாள். அவள் அழுது நான் பார்த்ததில்லை. அத்தனை வருஷமும் நான் ஒரு புருஷனுக்காகக் காத்திருந்தேன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். எனக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்து அவளும் ஓர் அண்ணனுக்காகக் காத்திருந்தாள். நான் எப்போதோ நிறுத்திவிட்டேன். அவளிடம் நிறுத்தச் சொல்ல யாருக்கும் மனம் வரவில்லை. அவள் கையை எடுத்து என் மடியில் வைத்துக்கொண்டேன்.

மறுநாள் நிக்காஹ் முடிந்தது. மாப்பிள்ளையைப் பெண்கள் பக்கத்து மேடைக்கு அழைத்து வந்தார்கள். மருமகளின் கை நன்றாகச் சிவந்திருந்தது. போட்டோ எடுக்க வந்த பெண் கேமராவைச் சரிசெய்துகொண்டே கூட்டத்தைப் பார்த்துக் கேட்டாள்.

"மாப்பிள்ளையோட அம்மா வாங்க. அத்தா எங்கங்க? அத்தாவ யாராச்சும் வரச் சொல்லுங்க."

நாத்தனார் என் பக்கத்தில்தான் நின்றிருந்தாள். அவள் வாய் திறந்தது. அந்த வாக்கியம் நாக்கு நுனி வரை வந்துவிட்டதை நான் பார்த்தேன். மகனும் மேடையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தான். அவள் வாயை மூடிக்கொண்டாள். முந்தானையால் என் முகத்து வியர்வையைத் துடைத்துவிட்டாள். பிறகு என் முதுகில் கை வைத்து மேடைப் பக்கமாகத் தள்ளினாள்.

"தோ வர்றாங்க" என்றாள்.